முப்பத்தொரு மிதவைகள்

சுற்றுலாக் கப்பலிலிருந்து இறங்குகிற கூட்டத்தை எண்ணி முடிப்பதற்குள் போதும் போதும் என்றாகிவிடும். ஒருவர் தொப்பி வாங்க ஓடுவார். இன்னொருவர் படம் எடுக்கப் பின்வாங்கிப் பின்வாங்கி அடுத்த பேருந்தின் கூட்டத்தில் கலந்துவிடுவார். இருபத்திரண்டு, இருபத்துமூன்று என்று வரும்போது ஐந்தாவதாக எண்ணிய ஆள் திரும்பி வந்து, "கழிப்பறை எங்கே?" என்று கேட்பார். மறுபடி ஒன்றிலிருந்து தொடங்க வேண்டும்.

மஹாஹுவால் துறைமுகத்தில் இந்த வேலையை ஃபிடேலியா உய்காப் பதினான்கு வருடம் செய்தாள். கையில் எண் எழுதிய மரப்பலகை, கழுத்தில் அரசு கொடுத்த வழிகாட்டி அட்டை, காலில் தேய்ந்த ரப்பர் செருப்பு. குள்ளமான, அகன்ற தோள் கொண்ட பெண். குரல் மட்டும் பேருந்தின் கடைசி இருக்கை வரை போகும்.

ஒன்பதாம் வகுப்போடு படிப்பு நின்றது. அம்மா இறந்தபோது அவளுக்குப் பதினாறு, தம்பி எர்மிலோவுக்கு ஆறு. அவனை அத்தை வீட்டில் விட்டுவிட்டு கான்கூனில் ஒரு ஓட்டலில் படுக்கை விரிப்பு மாற்றப் போனாள். அறைகளில் ஓடிக்கொண்டிருந்த தொலைக்காட்சியிலும், தங்க வந்தவர்களின் சண்டைகளிலும் ஆங்கிலம் கற்றாள். "முதல்ல கத்துக்கிட்டது திட்டு வார்த்தைங்கதான். மன்னிப்பு கேக்கறதெல்லாம் அப்புறம்தான் வந்துச்சு" என்று சொல்லுவாள். ஊரில் துறைமுகம் கட்டிய பிறகு திரும்பி வந்து, வழிகாட்டித் தேர்வு எழுதி, அட்டை வாங்கினாள். எர்மிலோ பக்காலார் ஏரியில் சுற்றுலாப் படகு ஓட்ட உரிமம் கேட்டபோது ஒவ்வொரு அலுவலகமாக ஏறி இறங்கியவளும் அவள்தான்.

அவளுடைய நாள் எப்போதும் ஒரே மாதிரி. காலையில் சாக்சோபென்னில் பழைய மாயா நகரத்தின் இடிபாடுகள், மதியம் பக்காலார் ஏரி, மாலை நாலரைக்குள் கப்பல். ஐந்து மணிக்குக் கப்பல் கிளம்பிவிடும்.

இடிபாட்டில் தினமும் ஒருவராவது கேட்பார்: "இந்த மாயா மக்கள் திடீர்னு எங்கே மறைஞ்சு போனாங்க?"

"காபி குடிக்கப் போயிருந்தோம், சார். இப்பதான் வந்தோம்" என்பாள். ஓட்டுநர் செபெரினோவைக் காட்டி, "அவரும் மாயாதான். அவர் மறைஞ்சு போனா நீங்க கப்பலுக்கு நடந்துதான் போகணும்."

சிரிப்பார்கள். தினமும் சிரிப்பார்கள்.

ஆனால் துறைமுகத்தில் அவளுக்குப் பெயர் வாங்கித் தந்தது பேச்சல்ல, எண்ணிக்கை. ஏரியில் குளிக்க இறங்குகிற ஒவ்வொருவருக்கும் ஆரஞ்சு நிற லைஃப் ஜாக்கெட் உண்டு. ஊரில் அதை மிதவை என்பார்கள். ஏணியில் ஏறிப் படகுக்கு வந்ததும் முதல் வேலையாக அதைக் கழற்றி மரப்பெட்டியில் போடுவார்கள், ஈரத்தில் கனக்கும் என்பதால். ஃபிடேலியா ஒரு நாள் ஏரியில் ஆட்களை எண்ணுவதை விட்டுவிட்டு மிதவைகளை எண்ணத் தொடங்கினாள். பத்துப் பத்தாகக் கயிற்றில் கோத்தால் ஒரே நிமிடம். மிதவை கழிப்பறைக்குப் போகாது, பீர் வாங்க இறங்காது. மிதவை வந்துவிட்டால் ஆள் வந்துவிட்டான். ஒரே வருடத்தில் ஏரியில் இருந்த எல்லா வழிகாட்டிகளும் அப்படித்தான் எண்ணினார்கள்.

செபெரினோவுக்கு மட்டும் அது பிடிக்கவில்லை. அறுபது வயது. சந்தேகப் பிராணி. பேருந்தின் படியில் நின்று, ஏறுகிற ஒவ்வொருவருக்கும் கையிலிருந்த எண்ணும் கருவியை ஒரு தடவை அழுத்துவார்.

"மேய்க்கிறவன் மாட்டை எண்ணுவான். நீ அது கழுத்து மணியை எண்ற" என்பார்.

"உங்க மாடு நிக்கவே மாட்டேங்குதே, செபெரினோ ஐயா."

பிப்ரவரியில் ஒரு வியாழக்கிழமை. பதினேழாம் எண் பேருந்து. முப்பத்தொரு பேர். எல்லார் மார்பிலும் பதினேழு என்று அச்சிட்ட வட்டமான ஒட்டுத்தாள்.

அன்று முன் இருக்கையில் உட்கார்ந்தவர் ஆர்லிஸ் கூம்ஸ். எழுபத்தொரு வயது, ஓஹாயோக்காரர். மஞ்சள் நிற முழுக்கைச் சட்டை. மனைவி வெர்னாவுக்கு முழங்கால் வலி என்பதால் கப்பலிலேயே இருந்துவிட்டாள். பேருந்து கிளம்பும் முன் ஃபிடேலியா எண்ணிக்கொண்டு போனதைத் திரும்பி உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

"கேப்டன், எவ்வளவு வந்துது?"

"முப்பத்தொண்ணு."

"எனக்கும் அதேதான்" என்றார். "நான் இருபத்தொன்பது வருஷம் ஸ்கூல் பஸ் ஓட்டினவன். சாயங்காலம் பஸ்ஸைப் பூட்டறதுக்கு முன்னாடி ஒவ்வொரு சீட்டா கடைசி வரைக்கும் நடந்து பாப்பேன். குழந்தைங்க தூங்கிடும், தெரியுமா? ஒண்ணைக்கூட நான் விட்டதில்ல."

"அப்ப இன்னிக்கு நீங்கதான் எனக்கு உதவியாளர்."

"சம்பளம் உண்டா?"

"மதியம் சாப்பாடு. மிளகாயைத் தொடாதீங்க. கப்பல் வரைக்கும் அழுதுட்டே போவீங்க."

இடிபாட்டில் அவர் எல்லாருக்கும் கடைசியில் வந்தார். யாராவது பின்தங்கினால் நின்று அழைத்துவந்தார். அவளுக்கு அவரைப் பிடித்துப்போனது.

மதியம் எர்மிலோவின் படகு. தட்டையான பெரிய படகு, தகரக் கூரை, இரண்டு ஒலிபெருக்கி. கரையிலிருந்து அரைக் கிலோமீட்டரில், இடுப்பளவு தண்ணீருள்ள வெள்ளை மணல்திட்டில் நங்கூரம் போட்டான். திட்டின் ஒரு முனையில், தண்ணீரிலேயே வளரும் கண்டல் புதர். மறுமுனையில் படகுகளுக்கு வழிகாட்ட நட்ட ஒரு கம்பம். திட்டுக்கும் கரைக்கும் இடையில் தண்ணீர் கருநீலமாக மாறும். அங்கே ஆழம் எவ்வளவு என்று யாரும் சரியாகச் சொன்னதில்லை.

"நிறம் மாறுற இடத்தைத் தாண்டாதீங்க" என்று ஃபிடேலியா சொன்னாள். தினமும் சொல்வது.

நாற்பது நிமிடம் கழித்து எர்மிலோ விசில் அடித்தான். எல்லாரும் ஏணியில் ஏறி மிதவையைப் பெட்டியில் போட்டார்கள். அவள் கோத்தாள். பத்து, இருபது, முப்பது, முப்பத்தொன்று.

"வந்தாச்சா அக்கா?"

"வந்தாச்சு. எடு."

அவன் நங்கூரத்தைத் தூக்கினான், பாட்டைப் போட்டான். மணி சரியாக ஒன்று.

கரையில் சாப்பாடு. அவரவர் தட்டை எடுத்துக்கொண்டு மர நிழலைத் தேடிப் போனார்கள். அங்கே யாரும் யாரையும் எண்ணுவதில்லை. இரண்டேகாலுக்குப் பேருந்து கிளம்பும்போது செபெரினோ கருவியை அவள் முகத்துக்கு நேரே நீட்டினார்.

"முப்பது."

"மிதவை முப்பத்தொண்ணு வந்துடுச்சு."

"நான் மிதவையை ஓட்டிட்டுப் போகல, அம்மணி. ஆளை ஓட்டிட்டுப் போறேன். முப்பதுதான்."

அவள் பேருந்தின் உள்ளே பார்த்தாள். ஈரத் துண்டுகள், தொப்பிகள், தூங்கி விழுகிற தலைகள். முன் இருக்கை காலி. ஓட்டுநருக்கு மேலே சிவப்பு விளக்கு எரிந்தது. பின்னால் உள்ள கழிப்பறையில் ஆள் இருக்கிறது என்று பொருள்.

"அதோ, உள்ள இருக்காரு. அந்த ஸ்கூல் பஸ்காரர். மிளகாயைத் தின்னிருப்பாரு."

செபெரினோ விளக்கைப் பார்த்தார். அவளைப் பார்த்தார். பிறகு கடிகாரத்தைப் பார்த்தார். வண்டியை எடுத்தார்.

லிமோனெஸ் சாலைச் சந்திப்பு வரை அரை மணி நேரம். சிவப்பு விளக்கு அணையவே இல்லை. வயதானவர், மயங்கி விழுந்திருப்பாரோ என்று அவள் எழுந்து பின்னால் போனாள். கதவைத் தட்டினாள். கைப்பிடியைத் தொட்டதும் கதவு தானாகத் திறந்துகொண்டது. உள்ளே யாரும் இல்லை. தாழ்ப்பாள் உடைந்து, மூடியிருப்பது போலவே மாட்டிக்கொண்டிருந்தது.

 ஃபிடேலியா நடைபாதையில் நின்று கேட்டாள். "மிஸ்டர் கூம்ஸை யாராவது பாத்தீங்களா? மஞ்சள் சட்டை?"

படகில் பார்த்ததாக யாருக்கும் நினைவில்லை. சாப்பாட்டிலும் இல்லை. நாலாவது வரிசையில் ஒரு பெண் தயங்கித் தயங்கிக் கை தூக்கினாள்.

"அந்தப் புதர்ப் பக்கம் ஒரு மிதவை தனியா மிதந்துட்டு இருந்துச்சு. யாரோ தவறவிட்டுட்டாங்கன்னு நான்தான் எடுத்துட்டு வந்து பெட்டில போட்டேன். தப்பாங்க?"

 ஃபிடேலியா தம்பியைத் தொலைபேசியில் அழைத்தாள்.

"எர்மி, திட்டுக்குப் போ. ஒருத்தரை விட்டுட்டு வந்துட்டோம்."

"யாரை? முப்பத்தொண்ணுன்னு நீதானே சொன்ன?"

"போடா! இப்பவே போ!"

மணி இரண்டே முக்கால். செபெரினோ வண்டியைச் சாலையோரம் நிறுத்தியிருந்தார். திட்டவில்லை. "நீ இறங்கிக்க. இவங்களை நான் கப்பலுக்குக் கொண்டு சேக்கறேன்" என்றார். அவள் பலகையோடு சாலையில் நின்று, பக்காலார் பக்கம் போன ஒரு வேனைக் கை காட்டி நிறுத்தினாள். வேனில் மூன்று தடவை எர்மிலோவை அழைத்தாள். அவன் எடுக்கவில்லை.

ஆர்லிஸ் கூம்ஸை நாலு மணிக்கு, கருநீலத் தண்ணீரின் கரைப்பக்க விளிம்பில், கரையிலிருந்து நூறு மீட்டரில் கண்டெடுத்தார்கள். மேல் சட்டை இல்லை. உயிரும் இல்லை.

காவலர்கள் வந்து துணி போர்த்தி எடுத்துப்போன பிறகு எர்மிலோ அவளைப் படகுத்துறையின் பின்னால் அழைத்துப்போனான். டீசல் பீப்பாய்க்குப் பின்னாலிருந்து ஒரு பிளாஸ்டிக் பையை எடுத்தான். உள்ளே நனைந்த மஞ்சள் சட்டை. மார்பில் பதினேழு.

"எங்க கிடைச்சுது?"

"கம்பத்துல. சட்டையோட ரெண்டு கையையும் கம்பத்துல சேத்துக் கட்டியிருந்தாரு. கொடி மாதிரி." அவன் பீப்பாய்மேல் உட்கார்ந்தான். "நாம படகை எடுக்கும்போது அந்தாளு உயிரோடதான் இருந்திருக்காரு, அக்கா. மிதவையைக் கழட்டிட்டு ஒதுங்கறதுக்குப் புதருக்குப் பின்னாடி போயிருப்பாரு. கத்தியிருப்பாரு. நான் பாட்டு போட்டிருந்தேன்."

அவள் பையை வாங்கிக்கொண்டாள்.  

"எரிச்சுடு. யாரும் பாக்கல" என்றான். "எனக்கு ரெண்டு குழந்தைங்க இருக்கு, அக்கா."

ஐந்து மணிக்குக் கப்பல் கிளம்பிப் போய்விட்டது. துறைமுகத்தில் வெர்னா கூம்ஸ் இரண்டு பெட்டிகளோடு இறங்கி நின்றாள். ஒன்று அவளுடையது. ஒன்று அவருடையது.

மறுநாள் காலை மாநிலத் தலைநகர் சேத்துமாலில் அரசு வழக்கறிஞர் அலுவலகம். உள்ளே போகும் முன், சுற்றுலா ஏற்பாடு செய்த நிறுவனத்தின் மேலாளர் பெர்சுன்சா ஃபிடேலியாவை வாசலில் நிறுத்தினார். இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை, மெதுவான குரல்.

"ஃபிடேலியா, நான் உங்க நல்லதுக்குத்தான் சொல்றேன். முப்பத்தொரு பேரும் கரைக்கு வந்தாங்க. நீங்க எண்ணினீங்க. சாப்பாட்டு நேரத்துல அவரு யார்கிட்டயும் சொல்லாம மறுபடி தண்ணில இறங்கிட்டாரு. அவ்வளவுதான். எழுதியாச்சு, கையெழுத்துதான் பாக்கி. உங்க அட்டைக்கும் பிரச்சினை இல்ல, உங்க தம்பி உரிமத்துக்கும் பிரச்சினை இல்ல."

"அந்தம்மாவுக்கு?"

"அவங்களுக்கு எப்படிப் பாத்தாலும் புருஷன் போயாச்சு" என்றார் பெர்சுன்சா. கொடுமையாகச் சொல்லவில்லை. அவருக்கு உண்மையிலேயே அப்படித்தான் தோன்றியது.

ஃபிடேலியாவும் அப்படித்தான் முடிவு செய்திருந்தாள். இரவு முழுக்க யோசித்து, கையெழுத்துப் போடுவது என்று முடிவெடுத்துத்தான் வந்திருந்தாள். சட்டையை எரிக்க மட்டும் முடியவில்லை. அது தோள்பையில், அவள் துண்டுக்கு அடியில் இருந்தது.

அவள் யோசிக்காத ஒன்று இருந்தது. அலுவலகத்தில் மொழிபெயர்ப்பாளர் இல்லை. கப்பல் பயணிகள் யார் வந்தாலும் ஆஸ்பத்திரியானாலும் காவல் நிலையமானாலும் வழிகாட்டிதான் மொழிபெயர்ப்பது வழக்கம். எழுத்தர் பெண் தட்டச்சு செய்த தாளை எடுத்து ஃபிடேலியாவிடம் நீட்டினாள்.

"இதை அந்தம்மாவுக்கு அவங்க பாஷையில சொல்லுங்கம்மா. புரிஞ்சுதுன்னு அவங்களும் கையெழுத்துப் போடணும்."

வெர்னா எதிரே உட்கார்ந்திருந்தாள். மடியில் கணவரின் கண்ணாடிக் கூடு. சுவரோரம் எர்மிலோ, தொப்பியைக் கையில் வைத்துச் சுருட்டிக்கொண்டு.

ஃபிடேலியா படித்தாள். பயணிகள் முப்பத்தொரு பேரும் படகில் திரும்பினர். கரையில் இறங்கினர். ஒவ்வொரு வரியாகச் சொல்லிக்கொண்டு வந்தாள். "அதுக்கப்புறம் உங்க கணவர், யார்கிட்டயும் சொல்லாம, தானாவே…"

"இல்ல" என்றாள் வெர்னா.

அவள் குரல் உயரவில்லை. "ஆர்லிஸ் அப்படிச் செய்யவே மாட்டாரு. கூட்டத்தோட போனா எண்ணி முடிக்கிற வரைக்கும் எழுந்திரிக்கவே மாட்டாரு. கல்யாண வீட்லகூட அப்படித்தான். நான் கேலி பண்ணுவேன். சொல்லாம போனாருன்னு எப்படிச் சொல்றீங்க? நீங்க பாத்தீங்களா?"

எழுத்தர் பெண் நிமிர்ந்தாள். "என்ன சொல்றாங்க?"

 வெர்னா சொன்னதை அப்படியே ஃபிடேலியா எழுத்தருக்கு மொழிபெயர்த்தாள். அது அவள் வேலை. கடைசிக் கேள்வியையும் மொழிபெயர்த்தாள். "நீங்க பாத்தீங்களான்னு கேக்கறாங்க."

"யாரை?"

"என்னை."

"பதில் சொல்லுங்க, அப்ப."

சுவரோரத்திலிருந்து எர்மிலோ மாயா மொழியில் மெதுவாகச் சொன்னான். "அக்கா. வேணாம்."

அவள் தோள்பையைத் திறந்தாள். துண்டை எடுத்து ஓரமாக வைத்தாள். பிளாஸ்டிக் பையை மேசைமேல் வைத்து அவிழ்த்தாள். ஏரியின் வாசனை அந்தச் சின்ன அறையில் பரவியது. அப்புறம் ஒவ்வொரு வாக்கியத்தையும் இரண்டு தடவை சொன்னாள், முதலில் வெர்னாவுக்கு, பிறகு எழுத்தருக்கு. நான் ஆளை எண்ணவில்லை. மிதவையை எண்ணினேன். ஓட்டுநர் முப்பது என்று சொன்னார். நான் கேட்கவில்லை. இந்தச் சட்டை கம்பத்தில் கட்டியிருந்தது.

வெர்னா சட்டையைக் கையில் எடுத்தாள். மார்பிலிருந்த ஒட்டுத்தாளை நகத்தால் கிள்ளி எடுக்கப் பார்த்தாள். அது வரவில்லை.

"எவ்வளவு நேரம்?"

"ஒண்ணேமுக்கால் மணி நேரம். அதுக்கப்புறம்தான் எனக்குத் தெரிஞ்சுது."

எழுத்தர் பெண் கேட்டாள். "இப்ப என்ன சொன்னீங்க?" ஃபிடேலியா அதையும் மொழிபெயர்த்தாள்.

வெர்னா அவளைத் திட்டவில்லை, நன்றியும் சொல்லவில்லை. சட்டையைச் சாட்சியப் பொருளாக வாங்கி வைத்துக்கொண்டார்கள். அதற்கும் ஒரு ரசீது தந்தார்கள். வெர்னா மூன்றாம் நாள் ஊருக்கு விமானம் ஏறினாள்.

வழிகாட்டி அட்டையைப் பிடுங்கிக்கொண்டார்கள். எர்மிலோவின் உரிமமும் போனது. படகை வேறொருவர் எடுத்துக்கொண்டார். ஒலிபெருக்கிகளைக் கழற்றிவிட்டதாகக் கேள்வி. எர்மிலோ ப்ளாயா நகரத்துக்குத் தரைக்கல் பதிக்கப் போனான். போகிற அன்று வீட்டுக்கு வந்தான். கதவருகே நின்றே பேசினான்.

"அந்தம்மாவுக்கு உண்மை தெரிஞ்சுது. சரி. அதனால அந்தாளு எழுந்து வந்தாரா?"

"இல்ல."

"என் பிள்ளைங்களுக்கு நீ என்ன சொல்லுவ?"

"நான் தப்பா எண்ணினேன்னு சொல்லுவேன்."

"நீ எதையுமே தப்பா எண்ணல, அக்கா. முப்பத்தொண்ணு சரியாத்தான் இருந்துச்சு" என்றான். அதற்குப் பிறகு அவன் அவளோடு பேசவில்லை.

இப்போது அவள் லிமோனெஸ் சந்திப்பில் ஒரு தார்ப்பாய் நிழலில் பொரித்த சோளத் தட்டையும் மசித்த பீன்ஸும் விற்கிறாள். கப்பல் பேருந்துகள் அவளைத் தாண்டித்தான் போகும். கப்பல் பயணிகளுக்கு வழியோரச் சாப்பாடு கூடாது என்று விதி. ஓட்டுநர்கள் மட்டும் நிறுத்துவார்கள்.

நவம்பரில் ஒரு மதியம் செபெரினோ நிறுத்தினார். பின்னால் பேருந்து நிறையக் கூட்டம். புது வழிகாட்டி ஒலிவாங்கியில் ஏதோ சொல்ல, எல்லாரும் சிரித்தார்கள்.

"எப்படி எண்றாங்க இப்ப?" என்று ஃபிடேலியா கேட்டாள். வேறு எதையும் அவள் கேட்பதில்லை.

"ஒரு மாசம் ஆளை எண்ணினாங்க." செபெரினோ தட்டையைக் கடித்தார். "அப்புறம் கொஞ்ச நாள் ரெண்டையும் எண்ணினாங்க. நேரமாகுதுன்னு இப்ப பழையபடி மிதவைதான்."

"நீங்க?"

"நான் அழுத்தறேன். எவன் கேக்கறான்?"

அவள் பேருந்தை நிமிர்ந்து பார்த்தாள். முன் கண்ணாடி வழியாக, ஓட்டுநர் இருக்கைக்கு மேலே, சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

"உள்ள ஆள் இருக்கா?"

செபெரினோ மெல்வதை நிறுத்தினார். "அதே தாழ்ப்பாள்தான். புதுசு மெரிடாலேருந்து வரணுமாம். ஒம்போது மாசமா வருது."

ஃபிடேலியா கையைத் துடைத்துக்கொண்டு படியேறினாள். புது வழிகாட்டி பேச்சை நிறுத்தினான். அவள் அவனைக் கவனிக்கவில்லை. நடைபாதையில் கடைசி வரை நடந்தாள், ஒவ்வொரு இருக்கையாகப் பார்த்துக்கொண்டே. கழிப்பறைக் கதவைத் தள்ளினாள். யாரும் இல்லை. திரும்பி வந்து, ஓட்டுநர் இருக்கைமேல் ஏறி நின்று, விளக்கின் கண்ணாடி மூடியைத் திருகிக் கழற்றினாள். பல்பு சூடாக இருந்தது. கை துடைத்த துணியால் பிடித்து அதையும் கழற்றி, பையில் போட்டுக்கொண்டாள்.

"இருபத்தாறு பேரு இருக்காங்க" என்று கீழே இறங்கும்போது சொன்னாள். "உங்ககிட்ட எவ்வளவு?"

செபெரினோ கருவியைப் பார்த்தார்.

"இருபத்தாறு."

"போங்க" என்றாள்.